ஆட்டத்தின் நடுவே எடுக்கும் படம்: கணினி விளையாட்டுகளில் ஸ்கிரீன்ஷாட் எடுக்கும் முறைகள்

கணினியில் விளையாடிக்கொண்டிருக்கும்போது ஸ்கிரீன்ஷாட் எடுக்க எந்த விசையை அழுத்த வேண்டும் என்று கேட்டால், பலரும் உடனே பிரிண்ட் ஸ்கிரீன் என்றுதான் சொல்வார்கள். அது தவறான பதில் அல்ல, பாதிப் பதில். அழுத்திய பிறகு படம் எங்கே போய்ச் சேருகிறது என்பதும், விளையாட்டு வரைந்த காட்சி எந்தக் கட்டத்தில் பிடிக்கப்படுகிறது என்பதும் தெரியாதவர்கள், பல மணி நேரம் போராடிக் கடைசி எதிரியை வீழ்த்திய நொடியில் விசையை அழுத்திவிட்டு, பிறகு வெறும் கறுப்புப் படத்தையோ காலிக் கோப்புறையையோ பார்த்துக்கொண்டு உட்கார நேரிடும்.

எனக்கே அப்படி நேர்ந்திருக்கிறது. முதல் கணினி வாங்கிய புதிதில், ஒரு கார்ப் பந்தய விளையாட்டில் அதுவரை எட்டாத ஒரு சுற்று நேரத்தை எட்டிய மகிழ்ச்சியில் பிரிண்ட் ஸ்கிரீனை அழுத்திவிட்டு, ஆட்டத்தை மூடி, நடுவில் வந்த ஒரு மின்னஞ்சலிலிருந்து ஒரு முகவரியை நகலெடுத்து வேறொரு இடத்தில் ஒட்டினேன். பிறகு பெயின்ட்டைத் திறந்து படத்தை ஒட்டப் பார்த்தால் ஒன்றுமே வரவில்லை. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதைதான். பிரிண்ட் ஸ்கிரீனை மட்டும் தனியாக அழுத்தினால் படம் கோப்பாகச் சேமிக்கப்படுவதில்லை, கிளிப்போர்டில் தற்காலிகமாக நிற்கிறது. அடுத்து எதை நகலெடுத்தாலும் அது இந்தப் படத்தைத் தள்ளிவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்துகொள்ளும். விண்டோஸ் 10-இன் 2018ஆம் ஆண்டுப் பதிப்பு ஒன்றிலிருந்து கிளிப்போர்டு வரலாறு என்ற வசதி இருக்கிறது. அதை முன்கூட்டியே இயக்கி வைத்திருந்தால், விண்டோஸ் விசையுடன் வி எழுத்தை அழுத்தி முந்தைய நகல்களை மீட்கலாம். ஆனால் அதை நம்பி ஆட்டத்தில் இறங்குவதைவிட, படத்தை நேராகக் கோப்பாக எழுதும் முறைக்கு மாறிவிடுவது நல்லது.

விண்டோஸ் தரும் வழிகள்

விண்டோஸ் 8 முதல், விண்டோஸ் விசையையும் பிரிண்ட் ஸ்கிரீனையும் சேர்த்து அழுத்தினால் திரை ஒரு கணம் மங்கித் தெளியும். பிக்சர்ஸ் கோப்புறைக்குள் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்ற உட்கோப்புறையில் பிஎன்ஜி கோப்பாகப் படம் பதிவாகியிருக்கும். வேறு மென்பொருள் எதுவும் இல்லாத கணினியில் இதுவே போதும். ஆனால் இது முழுத் திரையையும் அப்படியே எடுக்கும். இரண்டு மானிட்டர்கள் இணைத்திருப்பவர்களுக்கு ஒன்றில் ஆட்டமும் மற்றொன்றில் திறந்து கிடக்கும் அரட்டைச் சாளரமும் சேர்ந்து ஒரே நீளமான படமாக வந்து நிற்கும். சாளரத்துக்குள் ஓடும் விளையாட்டாக இருந்தால் ஆல்ட் விசையுடன் பிரிண்ட் ஸ்கிரீனை அழுத்தி அந்தச் சாளரத்தை மட்டும் எடுக்கலாம். ஆனால் அது மறுபடியும் கிளிப்போர்டுக்கே போகும் என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

விண்டோஸ் 11-ஐப் புதுப்பித்து வைத்திருப்பவர்களுக்கு வேறொரு குழப்பமும் உண்டு. 2023க்குப் பிறகு வந்த பதிப்புகளில் பிரிண்ட் ஸ்கிரீனை அழுத்தினால் பழையபடி நகலெடுப்பதற்குப் பதிலாக ஸ்னிப்பிங் டூல் திறந்துகொள்கிறது. ஆவணத்திலிருந்து ஒரு பகுதியை வெட்டி எடுக்க அது அருமையான கருவி, ஆனால் ஓடிக்கொண்டிருக்கும் ஆட்டத்தின் நடுவே அது வந்து நின்றால் சுட்டியின் கட்டுப்பாடு ஆட்டத்தை விட்டுப் போய்விடும். சில விளையாட்டுகள் தாமாகவே கீழே சுருங்கிவிடும், அந்த நேரத்தில் எதிரி சும்மா நிற்கப் போவதில்லை. செட்டிங்ஸில் ஆக்சஸிபிலிட்டி பகுதிக்குச் சென்று, கீபோர்டு பக்கத்தில் பிரிண்ட் ஸ்கிரீன் விசை தொடர்பான அந்த ஒற்றைப் பொத்தானை அணைத்துவிட்டால் பழைய நடத்தை திரும்பிவிடும்.

பல மடிக்கணினிகளில் பிரிண்ட் ஸ்கிரீன் வேறொரு விசையோடு ஒட்டியிருக்கும். அதனுடன் எஃப்என் விசையையும் பிடித்து அழுத்த வேண்டியிருக்கலாம். எஃப்1, எஃப்2, எஃப்12 போன்ற விசைகளுக்கும் இதே நிலைதான். ஒலியைக் கூட்டவும் திரை வெளிச்சத்தைக் குறைக்கவும் தயாரிப்பாளர்கள் அவற்றை ஒதுக்கியிருப்பார்கள். ஆட்டத்தைத் தொடங்கும் முன் ஒருமுறை அழுத்திப் பார்த்துக்கொள்வது பிற்பாடு வரும் எரிச்சலைத் தவிர்க்கும்.

விண்டோஸ் 10, 11 இரண்டிலும் உள்ள எக்ஸ்பாக்ஸ் கேம் பார்தான் மைக்ரோசாஃப்ட் விளையாட்டுகளுக்கென்றே தந்திருக்கும் கருவி. விண்டோஸ் விசையுடன் ஜி எழுத்தை அழுத்தினால் அது திறக்கும். திறக்காமலேயே விண்டோஸ், ஆல்ட், பிரிண்ட் ஸ்கிரீன் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் படம் நேராக வீடியோஸ் கோப்புறைக்குள் கேப்சர்ஸ் என்ற இடத்தில் விழும். படத்தை வீடியோ கோப்புறையில் வைக்கும் இந்த விசித்திரத்தால், எடுத்த படத்தைப் பிக்சர்ஸில் தேடிக் களைத்துப்போனவர்கள் எத்தனையோ பேர். கோப்பின் பெயரில் விளையாட்டின் பெயரும் தேதியும் நேரமும் தாமாகவே சேர்ந்துவிடுவது இதன் நல்ல அம்சம். மேலும் இது ஆட்டத்தின் சாளரத்தை மட்டுமே எடுப்பதால், பக்கத்து மானிட்டரில் இருப்பவை படத்தில் வராது.

கறுப்புப் படம் ஏன் வருகிறது

விளையாட்டு ஒவ்வொரு காட்சியையும் கிராபிக்ஸ் கார்டின் நினைவகத்தில் வரைந்து முடித்த பிறகே திரைக்கு அனுப்புகிறது. நொடிக்கு 60 ஃபிரேம்கள் ஓடும் ஆட்டத்தில் ஒரு காட்சிக்குக் கிடைக்கும் அவகாசம் ஏறத்தாழ 16.7 மில்லிநொடி. சாதாரணமாக, திறந்திருக்கும் எல்லாச் சாளரங்களையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி ஒரே படமாக்கித் திரையில் காட்டும் வேலையை விண்டோஸ் செய்கிறது. பிரிண்ட் ஸ்கிரீன் கேட்பது அந்த அடுக்கி முடித்த படத்தைத்தான். ஆனால் ஒரு விளையாட்டு எக்ஸ்குளூசிவ் ஃபுல்ஸ்கிரீன் என்ற முறையில் ஓடும்போது, வேகத்துக்காக அந்த இடைத்தரகரை ஒதுக்கிவிட்டுத் திரையை நேரடியாகத் தன் கையில் எடுத்துக்கொள்கிறது. அப்போது விண்டோஸிடம் போய்ப் படம் கேட்டால், அதனிடம் இல்லாத ஒன்றை அது எப்படித் தரும்? கறுப்பாகவோ, ஆட்டத்துக்குப் பின்னால் கிடக்கும் டெஸ்க்டாப்பாகவோ ஏதோ ஒன்று வரும். பழைய விளையாட்டுகளில்தான் இந்தச் சிக்கல் அதிகம்.

தீர்வு இரண்டு வகைப்படும். முதலாவது, விளையாட்டின் டிஸ்பிளே அல்லது வீடியோ அமைப்புகளுக்குச் சென்று ஃபுல்ஸ்கிரீன் என்பதை பார்டர்லெஸ் விண்டோ என்று மாற்றுவது. பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோலவே தோன்றும், ஆனால் இப்போது காட்சி விண்டோஸின் வழியாகவே போவதால் பிரிண்ட் ஸ்கிரீன் வேலை செய்யும். ஆட்டத்திலிருந்து வெளியே போய்த் திரும்புவதும் வேகமாக நடக்கும். இரண்டாவது, விண்டோஸிடம் கேட்காமல், விளையாட்டு ஒரு காட்சியை வரைந்து முடித்து ஒப்படைக்கும் அந்த இடத்திலேயே நின்று ஒரு நகலை எடுத்துக்கொள்ளும் மென்பொருளைப் பயன்படுத்துவது. கணினி விளையாட்டுகளை விற்கும் இணையக் கடையான ஸ்டீமின் மென்பொருளும் கிராபிக்ஸ் கார்டு நிறுவனங்களின் மென்பொருள்களும் இந்த வகையைச் சேர்ந்தவை. ஒரு காலத்தில் திரையின் மூலையில் மஞ்சள் எண்களாக ஃபிரேம் வேகத்தைக் காட்டிக்கொண்டிருந்த ஃபிராப்ஸ் மென்பொருளும் இதைத்தான் செய்தது. அதன் இலவசப் பதிப்பு சுருக்கப்படாத பிஎம்பி வடிவில் மட்டுமே படங்களைச் சேமித்ததால், அன்றைய சின்ன ஹார்டு டிஸ்க்குகள் மளமளவென்று நிறைந்துபோயின.

ஸ்டீமின் எஃப்12

ஸ்டீம் வழியாக விளையாடுகிறவர்களுக்கு என் பரிந்துரை எஃப்12 விசைதான். அழுத்தியதும் கேமராவின் கிளிக் ஒலி கேட்கும், மூலையில் சிறிய முன்னோட்டம் தோன்றும். படம் எடுபட்டதா இல்லையா என்ற ஐயத்துக்கே இடமில்லை. ஸ்டீம் ஓவர்லே இயங்கிக்கொண்டிருந்தால்தான் இது வேலை செய்யும். ஷிஃப்ட், டேப் இரண்டையும் அழுத்தினால் ஆட்டத்தின் மேல் ஒரு திரை விரிகிறதா என்று பார்த்து அதை உறுதிசெய்துகொள்ளலாம். ஸ்டீமில் வாங்காத விளையாட்டையும், நான்-ஸ்டீம் கேம் என்று நூலகத்தில் சேர்த்துக்கொண்டு அங்கிருந்தே தொடங்கினால், பெரும்பாலும் அதே எஃப்12 அதற்கும் உதவும்.

முதல் படத்தை எடுக்கும் முன்பே ஸ்டீமின் செட்டிங்ஸில் இன் கேம் பகுதியைத் திறந்து சிலவற்றை மாற்றிவிட வேண்டும். இயல்பாக ஸ்டீம் படங்களை ஜேபெக் வடிவில் சேமிக்கிறது. அது வைக்கும் இடமோ எளிதில் கண்டுபிடிக்க முடியாதது. ஸ்டீம் நிறுவப்பட்ட கோப்புறைக்குள் யூசர்டேட்டா, அதற்குள் உங்கள் கணக்கின் எண், அதற்குள் 760, அதற்குள் ரிமோட், அதற்குள் விளையாட்டின் எண், கடைசியில் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்று ஒன்றுக்குள் ஒன்றாகப் போகும். விளையாட்டுகள் பெயரால் அல்லாமல் எண்களால் அடையாளப்படுத்தப்படுவதால், 730 என்பது கவுன்டர்-ஸ்டிரைக், 570 என்பது டோட்டா 2 என்று தெரிந்தவர்களுக்கே அந்தக் கோப்புறைகள் புரியும். எனவே, எக்ஸ்டர்னல் காப்பி என்ற வசதியை இயக்கி, நீங்கள் விரும்பும் கோப்புறை ஒன்றில் தரம் குறையாத பிரதி ஒன்றும் சேர்ந்து விழும்படி அமைத்துக்கொள்ளுங்கள். எஃப்12 விசை ஆட்டத்தில் வேறு வேலைக்குத் தேவைப்பட்டால் இதே பக்கத்தில் விசையையும் மாற்றிக்கொள்ளலாம். படம் எடுக்கும்போது கேட்கும் கிளிக் ஒலி, நேரலையில் விளையாடுபவர்களுக்கு இடைஞ்சலாக இருந்தால் அதையும் இங்கேயே அணைக்கலாம்.

பழகிப் பார்ப்பதற்கு அமைதியான ஒரு விளையாட்டை எடுத்துக்கொள்வது நல்லது. 2023 ஜூலையில் வெளியான வெண்பா அதற்கு நன்றாகப் பொருந்தும். 1980களில் கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை அது. அம்மா தந்தனுப்பிய சமையல் குறிப்பேட்டில் கறைபட்டு அழிந்துபோன வரிகளை ஊகித்துக்கொண்டே இட்லியும் புட்டும் செய்ய வேண்டும். அடுப்பு காத்திருக்கும், நேரம் நம்மைத் துரத்தாது. குறிப்பேட்டின் பக்கம் திறந்திருக்கும்போது எஃப்12-ஐ அழுத்துங்கள். அந்தப் படத்தின் ஜேபெக் பிரதியையும் தரம் குறையாத பிரதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து 300 விழுக்காடு பெரிதாக்கிப் பாருங்கள். ஜேபெக்கில் எழுத்துகளின் ஓரங்களைச் சுற்றிப் புழுதி படிந்ததுபோலப் புள்ளிகள் தெரியும். மற்றொன்றில் எழுத்தின் கோடு வெட்டியதுபோல நிற்கும்.

ஜேபெக், படத்தை 8க்கு 8 பிக்சல் அளவுள்ள சிறு கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்திலும் கண்ணுக்கு அவ்வளவாகப் புலப்படாத நுணுக்கங்களைத் தூக்கிப்போட்டு இடத்தை மிச்சப்படுத்துகிறது. வானம், மலை, புல்வெளி போன்ற காட்சிகளில் அந்த இழப்பு தெரிவதில்லை. எழுத்து, உயிர்ப்பட்டை, வரைபடக் குறிகள், அதிலும் குறிப்பாகக் கறுப்புப் பின்னணியில் வரும் சிவப்பு எழுத்து ஆகியவற்றில்தான் அது பளிச்சென்று தெரியும். பிஎன்ஜி எதையும் தூக்கிப்போடுவதில்லை, ஆகவே கோப்பு பெரிதாக இருக்கும். 1920க்கு 1080 என்ற அளவுள்ள படத்தில் 20,73,600 பிக்சல்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் மூன்று பைட் என்றால் சுருக்காத நிலையில் 62 லட்சம் பைட்டுகளுக்கு மேல் ஆகும். 4கே அளவில் அது நான்கு மடங்கு. காட்சியின் சிக்கலைப் பொறுத்து பிஎன்ஜி இதைக் கணிசமாகக் குறைத்துவிடும், ஜேபெக் இன்னும் பல மடங்கு குறைக்கும். என் வழக்கம், பிஎன்ஜியாக எடுத்து வைத்துக்கொண்டு, யாருக்காவது அனுப்பும்போது மட்டும் ஜேபெக்காக மாற்றுவது. ஜேபெக்கிலிருந்து பிஎன்ஜிக்கு மாற்றினால் கோப்பு பெருக்குமே தவிர, போன நுணுக்கம் திரும்பாது.

கிராபிக்ஸ் கார்டின் மென்பொருள்

என்விடியா கார்டு வைத்திருப்பவர்கள் என்விடியா ஆப் என்ற மென்பொருளை நிறுவி, ஆல்ட், இசட் அழுத்தி அதன் ஓவர்லேயை இயக்கிவிட்டால், ஆட்டத்தின்போது ஆல்ட், எஃப்1 அழுத்திப் படம் எடுக்கலாம். முன்பு ஜீஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸ் என்ற பெயரில் இருந்த மென்பொருளின் இடத்துக்கு 2024 நவம்பரில் இது வந்தது. படங்கள் வீடியோஸ் கோப்புறைக்குள்தான் போகும். ஏஎம்டி கார்டுகளுக்கான அட்ரீனலின் மென்பொருளில் இயல்பான விசைகள் கன்ட்ரோல், ஷிஃப்ட், ஐ. இரண்டிலும் விசைகளையும் சேமிக்கும் இடத்தையும் மாற்றிக்கொள்ளலாம். ஸ்டீம் அல்லாத கடைகளில் வாங்கிய விளையாட்டுகளைச் சேர்த்து வைத்திருப்பவர்களுக்கு, எல்லாவற்றுக்கும் ஒரே விசை என்ற வசதியை இவைதான் தருகின்றன. ஆனால் ஸ்டீம், கேம் பார், கார்டின் மென்பொருள் ஆகிய மூன்றையும் ஒரே நேரத்தில் இயக்கி வைப்பது வீண்வேலை. ஒன்றன்மேல் ஒன்றாக மூன்று ஓவர்லேக்கள் ஏறி உட்கார்ந்தால், ஆட்டம் தடுமாறும்போது எதைக் குற்றம் சொல்வது என்றே தெரியாமல் போகும்.

விளையாட்டே தரும் வசதி

சில விளையாட்டுகள் இந்த வேலையைத் தாமே செய்துவிடுகின்றன. மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பில் எஃப்2 அழுத்தினால் படம் எடுபடும். தேதியும் நேரமும் கோப்பின் பெயராக அரட்டைப் பகுதியில் தோன்றும், அந்தப் பெயரைக் கிளிக் செய்தால் படமே திறந்துவிடும். எஃப்1 அழுத்தினால் கைப்பொருள் பட்டையும் இதயங்களும் குறிக்கோடும் மறைந்து காட்சி மட்டும் நிற்கும். எஃப்5 பார்வைக் கோணத்தை மாற்றும். ஆக, நல்ல படத்துக்கான வரிசை எஃப்5, எஃப்1, எஃப்2. இடையில் ஒரு சங்கதி: எஃப்1 அழுத்தியிருக்கும்போது அரட்டைப் பகுதியும் மறைந்துவிடுவதால் சேமித்த செய்தி கண்ணில் படாது. படம் எடுபடவில்லை என்று எண்ணி இருபது முறை அழுத்திய ஒரு தம்பியின் கோப்புறையில் ஒரே கோட்டையின் இருபது படங்களை நான் பார்த்திருக்கிறேன்.

கதை சார்ந்த பெரிய விளையாட்டுகளில் இப்போது ஃபோட்டோ மோட் வந்துவிட்டது. 2015இல் வெளியான தி விட்சர் 3க்குக்கூட, ஏழு ஆண்டுகள் கழித்து 2022 டிசம்பரில் வந்த பெரிய புதுப்பிப்பில்தான் இந்த வசதி கிடைத்தது. சைபர்பங்க் 2077-இல் விசைப்பலகையின் என் (N) எழுத்தை அழுத்தினால் ஃபோட்டோ மோட் திறக்கும். காலம் உறைந்து நிற்க, கேமராவைத் தனியே நகர்த்தலாம், குவியத்தை மாற்றலாம், பின்னணியை மங்கலாக்கலாம். இதில் பழக்கமில்லாதவர்கள் செய்யும் பொதுவான தவறு, கிடைத்த எல்லா வடிகட்டிகளையும் ஏற்றிவிடுவது. கேமராவைப் பாத்திரத்தின் கண்மட்டத்துக்கு இறக்கி, பார்வைக் கோணத்தைச் சற்றுக் குறுக்கினாலே, ஆட்டத்தில் பார்த்ததைவிட அழகான முகம் கிடைத்துவிடும். அகன்ற கோணம் முகத்தை இழுத்து நீட்டும். கல்யாண வீட்டில் செல்பேசியைக் கிட்டத்தில் நீட்டி எடுத்த படங்களில் மூக்கு பெரிதாகத் தெரிவதும் கேமரா முகத்துக்கு மிக அருகில் போய்விடுவதால்தான்.

ஃபோட்டோ மோட் இல்லாத ஆட்டத்தில், அமைப்புகளில் ஹெச்யூடி அல்லது இன்டர்ஃபேஸ் என்ற பகுதியைத் தேடிப் பாருங்கள். திரையில் மிதக்கும் எண்களையும் பட்டைகளையும் மறைக்கும் வழி பெரும்பாலும் அங்கே இருக்கும்.

படம் தெளிவாக அமைய

படம் எடுக்கும் நேரத்துக்கு மட்டும் மோஷன் பிளர், ஃபிலிம் கிரெய்ன், குரோமேட்டிக் அபெரேஷன் ஆகிய மூன்றையும் அணைத்துவிடுங்கள். ஓடும் ஆட்டத்தில் இவை சினிமாத் தோற்றம் தரலாம். நின்ற படத்தில் முதலாவது கலங்கலாகவும், இரண்டாவது மணல் தூவியதாகவும், மூன்றாவது ஓரங்களில் வண்ணம் பிசகிய அச்சுப்போலவும் தெரியும்.

அடுத்தது பொறுமை. இன்றைய விளையாட்டுகளில் பெரும்பாலானவை, ஓரங்களை வழவழப்பாக்க முந்தைய ஃபிரேம்களின் தகவலையும் சேர்த்துக்கொள்கின்றன. டிஏஏ, டிஎல்எஸ்எஸ் போன்ற பெயர்களில் அமைப்புகளில் காண்பது இதைத்தான். கேமரா சுழன்றுகொண்டிருக்கும்போது அந்தப் பழைய தகவல் பொருந்தாமல் போவதால் இலைகளும் கம்பிவேலிகளும் கலங்கித் தெரியும். கையைச் சுட்டியிலிருந்து எடுத்துவிட்டு ஒரு நொடி காத்திருந்தால் காட்சி தானாகவே கூர்மையடையும். பிறகு அழுத்துங்கள். அசைவே முக்கியமான சண்டைக் காட்சிக்கு இது பொருந்தாது என்பது உண்மைதான். ஆனால் மலையுச்சியில் நின்று எடுக்கும் படங்களுக்கு இதைவிட மலிவான மேம்பாடு கிடையாது.

மானிட்டர் 1920க்கு 1080 தான் என்றாலும் அதைவிடப் பெரிய படம் எடுக்க முடியும். என்விடியா கன்ட்ரோல் பேனலில் மேனேஜ் 3டி செட்டிங்ஸ் பக்கத்தில் டிஎஸ்ஆர் ஃபேக்டர்ஸ் என்ற இடத்தில் 4.00 மடங்கைத் தேர்ந்தெடுத்தால், விளையாட்டின் தெளிவுத்திறன் பட்டியலில் 3840க்கு 2160 புதிதாக வந்து சேரும். அதைத் தேர்ந்தெடுத்தால் விளையாட்டு முழு 4கே அளவில் வரையும். திரைக்கு வரும்போது சுருங்கினாலும், வரைந்த இடத்திலேயே நகலெடுக்கும் ஸ்டீம் போன்ற கருவிகளிடம் முழு அளவும் கிடைத்துவிடும். ஏஎம்டியில் இதே வசதிக்கு விர்ச்சுவல் சூப்பர் ரெசல்யூஷன் என்று பெயர். பார்டர்லெஸ் விண்டோவில் ஓடும் ஆட்டம் டெஸ்க்டாப்பின் அளவையே பின்பற்றுவதால், முதலில் டெஸ்க்டாப்பின் தெளிவுத்திறனை உயர்த்த வேண்டியிருக்கும். ஃபிரேம் வேகம் தடாலென்று விழும். ஆனால் படம் எடுக்கும் சில நிமிடங்களுக்கு நொடிக்குப் பதினைந்து ஃபிரேம் ஓடினால்தான் என்ன?

ஒளியையும் இருளையும் வழக்கத்தைவிட அதிக வீச்சில் காட்டும் ஹெச்டிஆர் வசதியை இயக்கி விளையாடுபவர்களின் புகார் வேறு வகை. திரையில் தகதகத்த சூரிய அஸ்தமனம், படத்தில் சோகை பிடித்ததுபோல வெளிறியோ, வெள்ளையாகத் தீய்ந்தோ இருக்கும். அதிகமான ஒளி அளவுகளைச் சாதாரணப் படத்தின் குறுகிய வரம்புக்குள் அடக்கும்போது நிகழும் கோளாறு இது. கேம் பார், ஹெச்டிஆர் ஆட்டத்தில் ஜேஎக்ஸ்ஆர் என்ற முழு ஒளித் தகவலுள்ள கோப்பையும், கூடவே சாதாரண பிஎன்ஜி ஒன்றையும் சேமிக்கிறது. முதலாவதைத் திறக்கத் தெரிந்த மென்பொருள்கள் குறைவு. நண்பர்களுக்கு அனுப்பத்தான் படம் எடுக்கிறீர்கள் என்றால், விண்டோஸ், ஆல்ட், பி (B) மூன்றையும் அழுத்தி ஹெச்டிஆரையே அணைத்துவிட்டு எடுப்பது சிக்கலற்ற வழி.

தவறவிட்ட நொடி

விசையை அழுத்துவதற்குள் தருணம் கடந்துவிட்டது என்ற ஏக்கம் இந்தப் பழக்கத்தோடு கூடவே வரும். அதற்கென்றே கேம் பாரில் பின்னணிப் பதிவு என்ற வசதி இருக்கிறது. விண்டோஸ் செட்டிங்ஸில் கேமிங், பிறகு கேப்சர்ஸ் என்று சென்று அதை இயக்கி வைத்தால், விண்டோஸ், ஆல்ட், ஜி அழுத்தும்போது அதற்கு முந்தைய 30 நொடிகள் வீடியோவாகச் சேமிக்கப்படும். அந்தக் கால அளவைக் கூட்டிக்கொள்ளவும் முடியும். வீடியோவிலிருந்து ஒரு ஃபிரேமைப் பிரித்தெடுத்தால் படம் கைக்கு வந்துவிடும், ஆனால் தரத்தில் அது ஸ்கிரீன்ஷாட்டுக்கு ஈடாகாது. வழக்கமான வீடியோச் சுருக்கத்தில் நான்கு பிக்சல்கள் ஒரே வண்ணத் தகவலைப் பகிர்ந்துகொள்வதால், மெல்லிய வண்ணக் கோடுகள் பிசுபிசுத்துப் போகும். நினைவுக்கு வைத்துக்கொள்ளப் போதும், சுவரில் மாட்டப் போதாது. பழைய கணினிகளில் இந்தப் பின்னணிப் பதிவு ஆட்டத்தின் வேகத்தையே குறைக்கக்கூடும் என்பதால், தேவைப்படும் நாட்களில் மட்டும் இயக்குவது நல்லது.

காட்சியின் வண்ணத்தையும் ஒளியையும் மாற்றும் ரீஷேட் போன்ற கூடுதல் மென்பொருள்களைப் பற்றி ஓர் எச்சரிக்கை. தனியாக விளையாடும் ஆட்டங்களில் அவை அருமையானவை. ரீஷேடில் பிரிண்ட் ஸ்கிரீன் விசையே படமும் எடுத்துத் தரும். ஆனால் பலர் சேர்ந்து விளையாடும் இணைய ஆட்டங்களில், ஏமாற்று மென்பொருள்களைத் தடுக்கும் காவல் நிரல்கள், ஆட்டத்துக்குள் நுழையும் எதையும் சந்தேகத்தோடுதான் பார்க்கும். அழகான படம் ஒன்றுக்காக ஆண்டுக்கணக்கில் வளர்த்த கணக்கைத் தடைக்குப் பலிகொடுக்க வேண்டாம். அங்கே விண்டோஸ், ஸ்டீம், கார்டின் மென்பொருள் ஆகியவற்றோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

அனுப்புவதற்கு முன்

வாட்ஸ்அப்பில் படமாக அனுப்பினால் அது மறுபடியும் சுருக்கப்படும். நான்கு மடங்கு அளவில் பாடுபட்டு எடுத்ததெல்லாம் வீணாகிவிடும். இணைப்புக் குறியை அழுத்தி டாக்குமென்ட் என்று தேர்ந்தெடுத்து அனுப்பினால் கோப்பு உள்ளபடியே போய்ச் சேரும்.

படத்தின் ஓரங்களில் என்ன இருக்கிறது என்று ஒருமுறை கண்ணை ஓட்டுங்கள். அரட்டையில் மற்றவர்கள் எழுதியது, நண்பர்களின் கணக்குப் பெயர்கள், மூலையில் எட்டிப்பார்க்கும் மின்னஞ்சல் அறிவிப்பு ஆகியவை உங்களுடையவை மட்டும் அல்ல. அவற்றை மறைக்கும்போது மங்கலாக்கியோ, பாதி ஊடுருவும் மார்க்கரால் கிறுக்கியோ விடாமல், முழுக் கறுப்புக் கட்டத்தால் மூடுங்கள். மங்கலான எழுத்துகளை ஊகித்துவிட முடியும், மார்க்கருக்கு அடியில் இருப்பதை வெளிச்சத்தைக் கூட்டினாலே படித்துவிடலாம். வெட்டிவிட்டால் போதும் என்றும் இருந்துவிட முடியாது. விண்டோஸ் 11-இன் ஸ்னிப்பிங் டூலில் ஒரு படத்தை வெட்டி அதே கோப்பின்மேல் சேமித்தால், வெட்டிய பகுதியின் தரவு கோப்பின் வால்பகுதியில் ஒட்டிக்கொண்டே இருந்தது என்பது 2023 மார்ச்சில் வெளியானது. மைக்ரோசாஃப்ட் அதே மாதம் அதைச் சரிசெய்துவிட்டாலும், அதற்கு முன் அப்படி வெட்டிச் சேமித்த பழைய கோப்புகள் தாமாகத் திருந்திவிடவில்லை. அந்தக் காலத்துப் படத்தை இப்போது பகிர்வதாக இருந்தால், அதைத் திறந்து புதிய பெயரில் மறுபடியும் சேமித்து, அந்தப் புதிய கோப்பை அனுப்புங்கள்.

மைன்கிராஃப்ட் விளையாடுபவர்கள் எஃப்3 திரையையும் கவனிக்க வேண்டும். இடப்பக்கத்தில் எக்ஸ், ஒய், இசட் என்று மூன்று எண்கள் நீங்கள் நிற்கும் இடத்தைத் துல்லியமாகச் சொல்லும். பலர் விளையாடும் ஒரு சர்வரில், புதிதாகக் கட்டிய கிடங்கின் படத்தை அந்தத் திரையோடு சேர்த்துப் பெருமையாகப் பகிர்ந்தேன். மறுநாள் போய்ப் பார்த்தபோது பெட்டிகளெல்லாம் திறந்து கிடந்தன. உள்ளே ஒரே ஒரு டார்ச் மட்டும் விட்டுவைத்திருந்தார்கள்.